பெங்களூரில் பொதுப்போக்குவரத்து வேண்டிய குடிமக்கள் இயக்கங்கள்: முழக்கச் சொற்கள்வழி ஒரு வரலாற்று நோக்கு

முன்னுரை

மக்கள் இயக்கங்களின் வரலாற்றை எழுதுவோர் அரசாணைகளையும் நீதிமன்றத் தீர்ப்புகளையும் செய்தித்தாள்களையும் முதன்மைச் சான்றுகளாகக் கொள்வது வழக்கம். அவ்வியக்கங்கள் தெருவில் எழுப்பிய முழக்கங்கள் பெரும்பாலும் அலங்காரமாகவே கருதப்பட்டு விடுபட்டுப்போகின்றன. மொழியையும் இலக்கியத்தையும் பயில்வோருக்கு முழக்கமும் ஒரு பனுவலே. அதனைத் தொடுத்தவர் யார், அதில் எச்சொல் நிற்கிறது, எச்சொல் தொக்கு நிற்கிறது என்னும் வினாக்கள் வரலாற்றுக்கும் பயன்படுவன.

பெங்களூரில் தனியார் ஊர்திகளின் பெருக்கத்தை எதிர்த்தும் பேருந்து, தொடர்வண்டி முதலிய பொதுப்போக்குவரத்தை வேண்டியும் 2005ஆம் ஆண்டளவில் தொடங்கி எழுந்த குடிமக்கள் இயக்கங்களை அவற்றின் பெயர்கள், முழக்கங்கள் வழியாக நோக்குவதே இக்கட்டுரையின் நோக்கமாகும். 'ஹசிரு உசிரு', 'ஸ்டீல் ஃப்ளைஓவர் பேட', 'சுக்குபுக்கு பேக்கு', 'மொதலு பஸ் பேக்கு' ஆகிய நான்கு தொடர்கள் இங்கு ஆய்வுப் பொருளாகின்றன.

சொற்களின் உறவு

இத்தொடர்கள் கன்னடத்தில் அமைந்தவையாயினும் தமிழ்ச் செவிக்கு அயன்மையுடையன அல்ல. தமிழில் வகர முதலாக வரும் சொற்கள் பல கன்னடத்தில் பகர முதலாக ஒலிப்பது ஒப்பிலக்கண அறிஞர் அறிந்ததே. வேர் 'பேரு' என்றும், வெள்ளி 'பெள்ளி' என்றும் ஆவதுபோல, 'வேண்டு' என்னும் வினையின் இனமாகக் கன்னடத்தில் 'பேடு' உள்ளது. வேண்டும் என்னும் பொருளில் 'பேக்கு' என்பதும், வேண்டா என்னும் பொருளில் 'பேட' என்பதும் இவ்வினத்தைச் சார்ந்தவையே. தமிழின் மொழிமுதற் பகரம் பிற்காலக் கன்னடத்தில் ஹகரமாவதும் அறியப்பட்டதே. பால் 'ஹாலு' ஆகவும் பல் 'ஹல்லு' ஆகவும் மாறியதுபோலப் பசுமையைக் குறிக்கும் அடி 'ஹசிரு' எனவும், உயிர் என்பதன் இனச்சொல் மூச்சுப் பொருளில் 'உசிரு' எனவும் வழங்குகின்றன. 'மொதலு' என்பது நம் 'முதல்' ஆகும்.

இவ்வொற்றுமையினும் இங்கு இன்றியமையாதது தொடரமைப்பு ஒற்றுமையாகும். 'வேண்டும்' என்னும் முற்று, வேண்டுவோரை எழுவாயாகக் கொள்ளாது நான்காம் வேற்றுமையில் ஏற்பதே இன்றைய வழக்கு. 'எனக்கு வேண்டும்' என்கிறோம். கன்னடத்திலும் 'நனகெ பேக்கு' என்பதே வழக்கு. நான்காம் வேற்றுமை உருபு கொடை, பொருட்டு முதலிய பொருள்களில் வரும் என நன்னூல் வகுக்கும். யாருக்குக் கொடுக்கப்படுகிறது, யார்பொருட்டுச் செய்யப்படுகிறது என்பதைச் சுட்டும் உருபு அது. ஆனால் மேற்காட்டிய முழக்கங்களுள் எதிலும் அவ்வுருபேற்ற பெயர் இல்லை. பேருந்து வேண்டும், இரும்பு மேம்பாலம் வேண்டா என்பன உண்டு. 'யாருக்கு' என்பது தொக்கு நிற்கிறது. தொக்கு நின்ற அப்பெயர் யாது என்பதே இவ்வியக்கங்களின் வரலாற்றில் மறைந்துள்ள வினா என்பது இக்கட்டுரையின் கருத்தாகும்.

நகரமும் ஊர்திகளும்: பின்னணி

பெங்களூருக்கு இருப்புப்பாதை வந்தது 1864ஆம் ஆண்டில். தண்டுப் பகுதி எனப்படும் கண்டோன்மெண்டிலிருந்து ஜோலார்பேட்டை வரை அமைந்த அப்பாதை, நகரைச் சென்னையோடு இணைத்தது. காலப்போக்கில் மைசூரு, துமக்கூரு, ஓசூர், எலகங்கா எனப் பல திசைகளிலும் பாதைகள் விரிந்தன. எனினும் அப்பாதைகள் வெளியூர்ப் பயணத்திற்கே பெரிதும் பயன்பட்டன. நகருக்குள் நாள்தோறும் வேலைக்குச் செல்வோருக்கான புறநகர்த் தொடர்வண்டி அமைப்பாக அவை வளரவில்லை.

இதனைச் சென்னையோடு ஒப்பிட்டு நோக்குதல் தகும். சென்னையில் 1895 முதல் 1953 வரை டிராம் வண்டிகள் ஓடின. கடற்கரைக்கும் தாம்பரத்திற்கும் இடையே மின்தொடர்வண்டி 1931இல் தொடங்கியது. பெங்களூரிலோ டிராமும் இல்லை, புறநகர் மின்தொடர்வண்டியும் இல்லை. 1940இல் தனியார் நிறுவனமாகத் தொடங்கிய பெங்களூர் டிரான்ஸ்போர்ட் கம்பெனி 1956இல் அரசுடைமையாயிற்று. மக்கள் 'பி.டி.எஸ்.' என்று அழைத்த அச்சேவை பின்னர் மாநிலப் போக்குவரத்துக் கழகத்தின் பகுதியாக இயங்கி, 1997இல் பெங்களூரு மாநகரப் போக்குவரத்துக் கழகம் (பி.எம்.டி.சி.) எனத் தனிக்கழகமாயிற்று. 2011 அக்டோபரில் மெட்ரோ ஓடத் தொடங்கும்வரை இந்நகரத்து எளியோரின் பொதுப்போக்குவரத்து என்பது நடைமுறையில் பேருந்து ஒன்றே.

1990களுக்குப் பின் தகவல்தொழில்நுட்பத் துறையால் நகரம் விரிந்தது. ஊதியம் உயர்ந்தோர் இருசக்கர ஊர்திகளையும் மகிழுந்துகளையும் வாங்கினர். இன்று நகரில் பதிவான ஊர்திகள் ஒரு கோடியைக் கடந்துள்ளன. நெரிசலுக்கு அரசுகள் கண்ட மருந்து சாலையை அகலப்படுத்துதலும் மேம்பாலம் கட்டுதலுமாகவே இருந்தது. ஊர்திகளை அன்று, மக்களை நகர்த்துவதே திட்டமிடலின் இலக்காக வேண்டும் என்று 2006ஆம் ஆண்டின் தேசிய நகர்ப்புறப் போக்குவரத்துக் கொள்கை வலியுறுத்தியது. கொள்கைக்கும் சாலைக்கும் இடையே இருந்த அவ்விடைவெளியிலேயே குடிமக்கள் இயக்கங்கள் தோன்றின.

'ஹசிரு உசிரு': மரத்திலிருந்து சாலைக்கு

2005ஆம் ஆண்டையொட்டி உருவான 'ஹசிரு உசிரு' என்னும் கூட்டமைப்பின் பெயர், 'பசுமையே உயிர்ப்பு' என்று பொருள்படுவது. சாலை அகலப்படுத்தலுக்காக மரங்கள் வெட்டப்படுவதை எதிர்ப்பதே அதன் முதற்பணி. என்விரான்மெண்ட் சப்போர்ட் குரூப் என்னும் அமைப்பு 2008இல் இது குறித்து உயர்நீதிமன்றத்தில் பொதுநல வழக்குத் தொடுத்தது. மரத்தைக் காக்கப் புகுந்தோர், சாலை ஏன் அகல வேண்டும், அகன்ற சாலையில் யார் செல்வர் என்னும் வினாக்களைத் தவிர்க்க இயலாது போயினர். நடைபாதை, மிதிவண்டி, பேருந்து ஆகியவை அவர்தம் சொல்லாடலில் இடம்பெற்றது இவ்வாறே எனலாம்.

இக்காலத்தின் முரண் ஒன்று குறிக்கத்தக்கது. 2006 ஜூனில் அடிக்கல் நாட்டப்பெற்ற மெட்ரோ தொடர்வண்டி பொதுப்போக்குவரத்தே. ஆயினும் அதன் பாதை மகாத்மா காந்தி சாலையின் நடைபூங்காவையும், ஜெயநகர்ப் பகுதியின் இலட்சுமணராவ் சாலை மரங்களையும், லால்பாக் பூங்காவின் ஒரு பகுதியையும் கொண்டது. 2009இல் குடிமக்கள் அதனை எதிர்த்துத் தெருவில் நின்றனர். பொதுப்போக்குவரத்தை விரும்பியோரே பொதுப்போக்குவரத்துத் திட்டம் ஒன்றை எதிர்க்க நேர்ந்த இந்நிகழ்வு, 'எது வேண்டும்' என்பதனோடு 'எவ்வாறு, யாரைக் கேட்டு' என்னும் வினாவும் பிணைந்திருப்பதைக் காட்டுகிறது. மக்களைக் கலந்து பேசாது வகுக்கப்பட்ட வழித்தடம் என்பதே அவர்தம் முறையீடாக இருந்தது. மெட்ரோ அவ்வழியேதான் சென்றது.

'பேட': மறுப்பின் வெற்றி

2016 செப்டம்பரில், பசவேஸ்வரா வட்டத்திலிருந்து ஹெப்பாள் வரை ஏறத்தாழ 6.7 கி.மீ. நீளத்திற்கு இரும்பு மேம்பாலம் அமைக்கக் கருநாடக அமைச்சரவை ஒப்புதல் அளித்தது. மதிப்பீடு 1,791 கோடி ரூபாய். விமான நிலையம் செல்லும் ஊர்திகளின் நெரிசலைக் குறைப்பதே நோக்கம் எனப்பட்டது. 812 மரங்கள் வெட்டப்படும் என்ற செய்தி எதிர்ப்பைக் கூட்டியது.

'சிட்டிசன்ஸ் ஃபார் பெங்களூரு' என்னும் பெயரில் ஒன்றுகூடியோர் 2016 அக்டோபர் 16 அன்று திட்டத்தின் வழித்தடத்தில் மனிதச்சங்கிலி அமைத்தனர். ஆயிரக்கணக்கானோர் கலந்துகொண்டனர். நாடகக் கலைஞர் பிரகாஷ் பெலவாடி முதலியோர் முன்னின்றனர். 'ஸ்டீல் ஃப்ளைஓவர் பேட' என்பதே முழக்கம். அம்மாத இறுதியில் தேசியப் பசுமைத் தீர்ப்பாயம் இடைக்காலத் தடை விதித்தது. 2017 மார்ச் 2 அன்று அரசு திட்டத்தைக் கைவிட்டதாக அறிவித்தது. அமைச்சரவை ஒப்புதலுக்கும் கைவிடலுக்கும் இடைப்பட்ட காலம் ஏறத்தாழ ஐந்து திங்களே.

அம்முழக்கத்தின் சொல்லமைப்பு கருதத்தக்கது. மூன்று சொற்களில் இரண்டு ஆங்கிலம், ஒன்று கன்னடம். அதுவும் சமூக ஊடகங்களில் பெரும்பாலும் ஆங்கில எழுத்திலேயே பரவியது. நகரின் கன்னடரும் தமிழரும் தெலுங்கரும் வடநாட்டவரும் ஒருங்கே சொல்லத்தக்க எளிமை அதற்கு உண்டு. அதே வேளையில், ஆங்கில எழுத்தறிந்த நடுத்தர வகுப்பினரே அதன் முதற்குரல் என்பதையும் அவ்வடிவம் உணர்த்துகிறது. மறுப்பில் 'யாருக்கு' என்பதை விளக்க வேண்டியிருக்கவில்லை. மரத்தை விரும்புவோரும், ஊழலை ஐயுறுவோரும், பேருந்துப் பயணியும், மகிழுந்து உடையோரும் வெவ்வேறு காரணங்களால் ஒரே 'பேட'வைச் சொல்ல இயன்றது. மறுப்பின் வலிமை அதுவே. அதன் எல்லையும் அதுவே என்பதைப் பின்வந்த நிகழ்வுகள் காட்டின.

'பேக்கு': வேண்டுதலின் நெடுவழி

மேம்பாலத்தை மறுத்தோரிடம் 'எனின் மாற்று யாது' என்று கேட்கப்பட்டது. 2016ஆம் ஆண்டின் இறுதியிலேயே அவர்கள் 'சுக்குபுக்கு பேக்கு' என்னும் இயக்கத்தைத் தொடங்கினர். தொடர்வண்டியின் ஒலியைக் குறிக்கும் இரட்டைக்கிளவி, குழந்தைமொழியின் இனிமையோடு கோரிக்கையாயிற்று. ஆனால் கோரிக்கை புதிதன்று. புறநகர்த் தொடர்வண்டி குறித்த முன்மொழிவு 1983லேயே தென்னக இரயில்வேயின் ஆய்வில் இடம்பெற்றிருந்தது. 'பிரஜா' என்னும் குடிமக்கள் குழுவினர் 2010ஆம் ஆண்டளவில், நகரைச் சூழ்ந்து ஏற்கெனவே உள்ள இருப்புப்பாதைகளைப் பயன்படுத்திப் புறநகர்ச் சேவை இயக்கலாம் என்று அறிக்கை வகுத்து அதிகாரிகளிடம் தொடர்ந்து எடுத்துரைத்து வந்தனர். தெருவில் முழங்கப்படுவதற்கு முன்பே 'பேக்கு' கோப்புகளில் எழுதப்பட்டுவிட்டது என்பது நினைவிற்கொள்ளத்தக்கது.

2018 பிப்ரவரியில் நடுவண் அரசின் வரவுசெலவுத் திட்டத்தில், 160 கி.மீ. நீளமுள்ள பெங்களூருப் புறநகர் வலையமைப்பு 17,000 கோடி ரூபாய் மதிப்பீட்டில் அறிவிக்கப்பட்டது. 2020 அக்டோபரில் 148 கி.மீ. நீளத்திற்கு 15,767 கோடி ரூபாய் மதிப்பிலான திட்டம் ஒப்புதல் பெற்றது. 2022 ஜூனில் அடிக்கல் நாட்டப்பட்டது. நான்கு வழித்தடங்களுக்கும் சம்பிகே, மல்லிகே, பாரிஜாத, கனக என மலர்ப்பெயர்கள் இடப்பட்டன. சண்பகமும் மல்லிகையும் பாரிசாதமும் கனகாம்பரமும் சூடிய அத்திட்டம் 2025ஆம் ஆண்டிலும் கட்டுமான நிலையிலேயே இருந்தது. 1983இலிருந்து கணக்கிடின் நாற்பது ஆண்டுகளுக்கு மேலாகிறது.

ஐந்து திங்களில் வென்ற 'பேட'வையும் நாற்பதாண்டுகள் காத்திருக்கும் 'பேக்கு'வையும் அருகருகே வைத்து நோக்கினால், அவ்வேறுபாட்டின் காரணம் புலனாகும். மறுப்பை ஏற்க அரசு ஒன்றும் செய்யாதிருந்தால் போதும். வேண்டுதலை ஏற்கவோ நடுவண் அரசும் மாநில அரசும் செலவைப் பகிர வேண்டும், நிலம் எடுக்க வேண்டும், ஒப்பந்தக்காரர் பணியை முடிக்க வேண்டும். ஒரு நாள் மனிதச்சங்கிலி முன்னதற்குப் போதுமானதாயிற்று. பின்னதற்கு ஆண்டுதோறும் தொடரும் கண்காணிப்பு தேவைப்படுகிறது.

மறுப்பு வேண்டுதலாக வளர்ந்து வென்ற வரலாறும் உலகில் உண்டு. நெதர்லாந்தில் 1970களின் தொடக்கத்தில், சாலை விபத்துகளில் குழந்தைகள் இறப்பதைக் கண்டு பெற்றோர் தொடங்கிய இயக்கத்தின் பெயர் 'குழந்தைக் கொலையை நிறுத்து' என்பதாகும். ஏவல் வடிவிலான அம்மறுப்பு, மிதிவண்டித் தடங்களும் வேகம் குறைந்த குடியிருப்புத் தெருக்களும் வேண்டும் என்னும் கோரிக்கையாக மாறிப் பல பத்தாண்டுகளில் நகர அமைப்பையே மாற்ற உதவியது. அங்கு 'யார்பொருட்டு' என்பது இயக்கத்தின் பெயரிலேயே இருந்தது.

தொக்கு நின்ற பெயர்: பேருந்துப் பயணி

பெங்களூரில் அத்தொக்கு நின்ற பெயரை வெளிப்படையாகச் சொன்ன அமைப்பு 'பெங்களூரு பஸ் பிரயாணிகர வேதிகே' ஆகும். பேருந்துப் பயணிகள் மேடை என்பது அதன் பொருள். 2013ஆம் ஆண்டையொட்டி உருவான இம்மேடையின் பெயரிலேயே பயணி இடம்பெறுகிறார். பிரயாணிகர என்பது ஆறாம் வேற்றுமை. மேடை யாருடையது என்பதைச் சுட்டுகிறது. ஆயத்த ஆடைத் தொழிலாளர், வீட்டுப் பணியாளர், மாணவர் ஆகியோரின் பயணச் செலவே இம்மேடை முன்வைத்த முதன்மைச் சிக்கல். குளிரூட்டப்பட்ட வால்வோ பேருந்துகளை 2006 முதல் இயக்கிய நகரம் என்ற பெருமை பெங்களூருக்கு உண்டு. மகிழுந்து உடையோரைப் பேருந்துக்கு ஈர்ப்பதே அவற்றின் நோக்கம். 2010 பிப்ரவரி முதல் மாதந்தோறும் நான்காம் நாளைப் 'பேருந்து நாள்' எனக் கழகம் கடைப்பிடித்ததும் அந்நோக்கத்தினதே. இவை வேண்டாதன அல்ல. ஆனால் ஏற்கெனவே பேருந்தில் செல்வோர், வேறு வழியற்றோர், கட்டணம் உயரும்போது சில நிறுத்தங்கள் நடந்து செல்வோர் ஆகியோர் இவற்றின் கணக்கில் இல்லை என்பதை இம்மேடையினர் உணர்த்தினர்.

இருவகை 'பேக்கு'களை இங்குப் பிரித்தறிதல் வேண்டும். ஒன்று, மகிழுந்தைவிட்டு இறங்க விரும்புவோரின் வேண்டுதல். மற்றொன்று, பேருந்தில் ஏற இயலாதோரின் வேண்டுதல். முன்னதற்கு விரைவும் வசதியும் அளவுகோல்கள். பின்னதற்குக் கட்டணமும் நேரந்தவறாமையும் அளவுகோல்கள். ஒரே வினைமுற்று இரண்டையும் தாங்குகிறது.

2023 ஜூன் 11 அன்று கருநாடகத்தில் 'சக்தி' திட்டம் தொடங்கி, மாநிலத்துப் பெண்கள் சாதாரணப் பேருந்துகளில் கட்டணமின்றிச் செல்ல வழி ஏற்பட்டது. தமிழ்நாட்டில் நகரச் சாதாரணப் பேருந்துகளில் 2021 மே மாதமே இத்தகைய ஏற்பாடு நடைமுறைக்கு வந்துவிட்டது. 'சக்தி' தேர்தல் வாக்குறுதியின் விளைவு. அதனை எந்தவொரு குடிமக்கள் இயக்கத்தின் நேரடி வெற்றியாகக் கொள்ளுதல் பொருந்தாது. எனினும் பேருந்துக் கட்டணம் ஒரு சமூகநீதிச் சிக்கல் என்னும் கருத்தைப் பத்தாண்டுகளாகப் பேசிவந்தோர் இருந்தனர் என்பதை வரலாறு பதிவுசெய்தல் வேண்டும். இத்திட்டத்தில்தான் 'யாருக்கு' என்பது முதன்முறையாக வெளிப்படையாக விடைபெற்றது: பெண்களுக்கு. எஞ்சியோருக்கோ 2025 ஜனவரியில் பேருந்துக் கட்டணம் 15 விழுக்காடு உயர்ந்தது. அடுத்த மாதமே மெட்ரோவின் உச்சக் கட்டணம் 60 ரூபாயிலிருந்து 90 ரூபாயாயிற்று. பொதுப்போக்குவரத்து விரிவதும் அது எட்டாததாவதும் ஒரே ஆண்டில் நிகழக்கூடும் என்பதற்கு இது சான்றாகும். அவ்வாண்டு ஆகஸ்டில் மஞ்சள் தடம் திறக்கப்பட்டு மெட்ரோவின் நீளம் ஏறத்தாழ 96 கி.மீ. ஆனதும் உடன் கருதத்தக்கது.

'மொதலு': வரிசையை வேண்டுதல்

2019 மார்ச்சில், நகரின் குறுக்கே பல்லாயிரம் கோடி ரூபாய் செலவில் அமையவிருந்த உயர்மட்டச் சாலைத் திட்டத்தை எதிர்த்து மீண்டும் மக்கள் திரண்டனர். இம்முறை ஒப்பந்தப்புள்ளியை நீக்குக என்னும் மறுப்போடு 'மொதலு பஸ் பேக்கு' என்பதும் ஒலித்தது. 'முதலில் பேருந்து வேண்டும்' என்னும் இத்தொடரே நான்கனுள் முதிர்ச்சி மிக்கது எனலாம். இது மகிழுந்தை ஒழிக்கச் சொல்லவில்லை, மெட்ரோவை மறுக்கவில்லை. பொதுப்பணத்தைச் செலவிடும்போது எது முந்த வேண்டும் என்னும் வரிசையைக் கேட்கிறது. மறுப்பையும் வேண்டுதலையும் 'முதல்' என்னும் ஒரு சொல் இணைத்துவிடுகிறது.

அதே ஆண்டின் பிற்பகுதியில் சில்க் போர்டு முதல் கே.ஆர்.புரம் வரையிலான வெளிவட்டச் சாலையில் பேருந்துகளுக்கெனத் தனித்தடம் ஒதுக்கப்பட்டது. இருக்கும் சாலையின் ஒரு பகுதியைப் பேருந்துக்குக் கொடுத்தல் என்னும் இக்கொள்கை 'மொதலு' என்னும் சொல்லின் நேர்ச்செயலாக்கமாகும். ஆனால் அச்சாலையில் மெட்ரோ கட்டுமானம் தொடங்கியபின் அத்தடம் நிலைக்கவில்லை. கொடுக்கப்பட்டது எளிதில் திரும்பப்பெறப்பட்டது.

மறுக்கப்பட்டதும் அவ்வாறே மீளும். உயர்மட்டச் சாலை அன்று கட்டப்படவில்லை. ஆனால் ஹெப்பாளிலிருந்து சில்க் போர்டு வரை ஏறத்தாழ 17 கி.மீ. நீளத்திற்கு, 17,000 கோடி ரூபாய்க்கு மேற்பட்ட மதிப்பீட்டில், நிலத்தடிச் சுரங்கச்சாலை அமைக்கும் திட்டம் பின்னர் உருவாயிற்று. 2025இல் குடிமக்கள் மீண்டும் எதிர்ப்பில் இறங்கினர். லால்பாக் மீண்டும் விவாதப் பொருளாயிற்று. மேம்பாலம் வேண்டா என்ற 'பேட', சுரங்கத்தைத் தடுக்கவில்லை. ஊர்திகளுக்கு வழிவிடுதலே தீர்வு என்னும் கருத்து மறுக்கப்படாதவரை, அது மேலிருந்தோ கீழிருந்தோ புதிய வடிவில் வந்துகொண்டேயிருக்கும் எனத் தோன்றுகிறது.

முடிவுரை

இதுகாறும் கண்டவற்றான் பின்வரும் கருத்துகள் பெறப்படுகின்றன.

பெங்களூரின் போக்குவரத்து இயக்கங்கள் மரங்காத்தலில் தொடங்கி, மேம்பால மறுப்பில் வலிமை பெற்று, தொடர்வண்டி வேண்டுதலில் விரிந்து, பேருந்தின் முதன்மையைக் கேட்பதில் தெளிவடைந்தன. 'ஹசிரு', 'பேட', 'பேக்கு', 'மொதலு' என்னும் சொல்வரிசை இவ்வளர்ச்சியைக் காட்டுகிறது.

மறுப்பு விரைவில் வென்றது, வேண்டுதல் காத்திருக்கிறது. மறுப்பில் பல வகுப்பினரும் காரணம் கூறாமலே ஒன்றுபடலாம். வேண்டுதலில் 'யாருக்கு' என்பதற்கு விடை கூறியாக வேண்டும். அவ்விடையைத் தொக்கு நிற்க விடும்போது, குரல் வலியோரின் தேவையே பொதுத்தேவையாகக் கொள்ளப்படும் இடர் உள்ளது. பேருந்துப் பயணிகள் மேடையின் வரலாற்று இடம், அத்தொகையை விரித்துக் காட்டியதில் உள்ளது.

முழக்கங்கள், துண்டறிக்கைகள், பதாகைகள் முதலியவை விரைவில் அழிவன. பெங்களூரின் அல்சூர், சிவாஜிநகர் முதலிய பகுதிகளில் வாழும் தமிழ்த் தொழிலாளர் பேருந்து குறித்து எழுப்பிய குரல்கள் இவ்வரலாற்றில் இன்னும் இடம்பெறவில்லை. சென்னை, கோவை, மதுரை நகரங்களில் பேருந்துக் கட்டண உயர்வை எதிர்த்து எழுந்த முழக்கங்களும் தொகுக்கப்படின், 'வேண்டும்', 'வேண்டா' என்னும் சொற்களின் சமூக வரலாற்றைத் திராவிட மொழிப்பரப்பு முழுமைக்கும் எழுத இயலும். தமிழாய்வுத்துறைகள் அப்பணியை மேற்கொள்ளுதல் தகும்.